அழுகண்ணிக்கு மழைநீர்

கோலார் தங்கவயலில் குடியிருப்போர் எந்தச் செடியை வாங்கினாலும், "இதற்கு எவ்வளவு தண்ணீர் வேண்டும்?" என்றுதான் முதலில் கேட்பார்கள். ஊரின் நிலைமை அப்படி. ஆனால் பூச்சியுண்ணும் செடிகளின் விஷயத்தில் இந்தக் கேள்வி செல்லாது. எவ்வளவு என்பதைவிட, எத்தகைய தண்ணீர் என்பதே அவற்றின் வாழ்வையும் சாவையும் முடிவு செய்கிறது. இதை நான் ஒரு செடியைக் கொன்ற பிறகே கற்றுக்கொண்டேன்.

சில ஆண்டுகளுக்கு முன்னர், பள்ளிப் பாடநூலில் படத்தைப் பார்த்துவிட்டு என் மகள் வீனஸ் ஃப்ளைட்ராப் செடி வேண்டுமெனக் கேட்டாள். இணையவழி வாங்கினோம். உள்ளங்கையளவுத் தொட்டியில், முள்வேலி போன்ற விளிம்புடைய ஏழெட்டு இலைகளோடு அது வந்து சேர்ந்தது. வீட்டுத் துளசிக்கும் செம்பருத்திக்கும் ஊற்றும் ஆழ்துளைக் கிணற்று நீரையே இதற்கும் ஊற்றினோம். செடி மெலிந்திருக்கிறதே என்று இரக்கப்பட்டு, சிறிது மாட்டெருவும் இட்டேன். முதல் மாதம் ஈ பிடித்தது. இரண்டாம் மாதம் புதிய இலைகள் சிறுத்தன. நான்காம் மாதத்தில் நடுக்குருத்து கருகியது. தொட்டியின் விளிம்பில் மட்டும், வெந்நீர்ப் பாத்திரத்தின் அடியில் படிவதைப் போன்ற வெண்ணிறப் படிவம் வட்டமாக நின்றது. "பூச்சி கிடைக்காமல் பசியால் செத்துப்போச்சாப்பா?" என்று மகள் கேட்டாள். ஆமாம் என்று சொல்லிவிட்டேன். அது தவறான பதில்.

பூச்சியுண்ணும் செடிகள் பூச்சியை மட்டுமே நம்பி வாழ்வதில்லை. மற்றப் பசுந்தாவரங்களைப் போலவே அவையும் வெயிலைக் கொண்டு தமக்கு வேண்டிய மாவுச்சத்தைத் தாமே தயாரித்துக்கொள்கின்றன. அவை வாழும் இடங்கள்தாம் வேறு: சதுப்பு நிலங்கள், நீர் கசியும் பாறைகள், மழை ஓயாமல் அலசிச் செல்லும் சரளை மண். அங்கே தழைச்சத்தும் மணிச்சத்தும் தங்குவதில்லை. மண் தராத அந்தச் சத்துகளைப் பூச்சியின் உடலிலிருந்து பெறுவதற்காகவே அவை இலையைப் பொறியாக மாற்றிக்கொண்டன. வங்கி மொழியில் சொன்னால், வெயிலே சம்பளம். பூச்சி உபரி வருமானம். பல வாரங்கள் ஒரு பூச்சியும் அகப்படாவிட்டாலும் செடி இறந்துவிடாது. வளர்ச்சி மட்டுப்படும், அவ்வளவே.

சார்லஸ் டார்வின் 1860-ஆம் ஆண்டுக் கோடையில் இங்கிலாந்தின் புதர் நிலமொன்றில் ட்ரோசீரா என்னும் சிறு செடியைக் கண்டார். அன்று தொடங்கிய ஆர்வம் 1875-இல் பூச்சியுண்ணும் தாவரங்களைப் பற்றிய தனி நூலாக வெளிவந்தது. இலையின் மேல் பால், இறைச்சித் துணுக்கு, முட்டை வெண்கரு, சர்க்கரை நீர், மாவுக் கஞ்சி, எண்ணெய் என்று ஒவ்வொன்றாக வைத்துப் பார்த்தார். தழைச்சத்து உள்ளவற்றுக்கே இலை வளைந்து கொடுத்தது. சர்க்கரையையும் மாவையும் அது பொருட்படுத்தவில்லை. தன்னிடம் எது குறைகிறது என்பதை அந்தச் செடி அறிந்தே வைத்திருக்கிறது.

நம் கதைக்கு வேண்டியது இதன் மறுபக்கம். சத்தற்ற மண்ணில் தலைமுறை தலைமுறையாக வாழ்ந்த செடியின் வேர்கள், உப்பு மிகுந்த நீரைத் தாங்கும் வல்லமை பெறவில்லை. அவற்றின் வேலை செடியைப் பிடித்து நிறுத்துவதும் தெளிந்த நீரை உறிஞ்சித் தருவதுமே. எரு இட்டால் அது விருந்தன்று, நஞ்சு. என் மாட்டெரு செய்த வேலை அதுதான்.

நீரில் கரைந்துள்ள உப்புகளின் மொத்த அளவை டி.டி.எஸ். என்ற எண்ணால் குறிப்பார்கள். ஒரு லிட்டரில் எத்தனை மில்லிகிராம் உப்பு உள்ளது என்பதே அது. நாம் குடிக்கும் நீரில் 500 வரை ஏற்கத்தக்கது என்றும், வேறு நீர் கிடைக்காத இடத்தில் 2000 வரை பொறுத்துக்கொள்ளலாம் என்றும் இந்தியத் தர நிர்ணயம் கூறுகிறது. இந்தச் செடிகளுக்கோ 50-க்குள் இருப்பது நலம். 100-ஐத் தாண்டினால் தொல்லை தொடங்கும். பேனா அளவுள்ள டி.டி.எஸ். மானி சில நூறு ரூபாய்க்குக் கிடைக்கிறது. செடி இறந்த பிறகு ஒன்றை வாங்கி எங்கள் கிணற்று நீரில் முக்கினேன். எண் 800-ஐ ஒட்டி நின்றது.

அன்று மாலை ஒரு தாளில் கணக்குப் போட்டேன். நான்கு அங்குலத் தொட்டி ஒன்று, செடி உறிஞ்சுவதும் காற்றில் ஆவியாவதுமாக நாளொன்றுக்குச் சராசரியாக 100 மில்லி நீர் செலவழிக்கிறது என்று கொள்வோம். 800 டி.டி.எஸ். உள்ள நீராயின், அந்த 100 மில்லியில் 80 மில்லிகிராம் உப்பு இருக்கும். நீர் ஆவியாகிவிடும், உப்பு ஆவியாகாது. ஓர் ஆண்டில் அந்தச் சிறு தொட்டிக்குள் 29 கிராம், அதாவது ஏறத்தாழ ஐந்து தேக்கரண்டி உப்பு சேர்ந்திருக்கும். அதே செடிக்கு 15 டி.டி.எஸ். உள்ள மழைநீரை ஊற்றினால் ஆண்டு முடிவில் சேர்வது அரை கிராம். தொட்டியைத் தட்டில் வைத்து, தட்டில் நீர் ஊற்றும் முறையில் இது இன்னும் கூர்மையாகும். மேலிருந்து ஊற்றினால் அடித்துளை வழியே ஓரளவு உப்பு வெளியேறும். தட்டு முறையில் வரவு உண்டு, பற்று இல்லை. விளிம்பில் நான் கண்ட வெள்ளை வட்டம் அந்தக் கணக்கின் இறுதி இருப்பு.

இவ்வூரில் தண்ணீருக்கு நீண்ட வரலாறு உண்டு. பாலாற்றின் குறுக்கே அமைந்த பேத்தமங்கலம் ஏரியிலிருந்துதான் சுரங்கங்களுக்கும் அவற்றைச் சுற்றியிருந்த லைன் வீடுகளுக்கும் ஒரு காலத்தில் குடிநீர் வந்தது. மழை பொய்த்து ஏரி வற்றிய ஆண்டுகளில் மாவட்டம் முழுவதும் ஆழ்துளைக் கிணறுகளை நம்பியது. ஆயிரம் அடிக்கும் கீழே போன கிணறுகள் கோலாரில் புதியன அல்ல. ஆழம் கூடக் கூட நீரில் உப்பும், சில இடங்களில் ஃப்ளோரைடும் கூடுகின்றன. ஆகவேதான் தெருவுக்குத் தெரு ஆர்.ஓ. நீர் நிலையங்கள் எழுந்தன. இந்தப் பின்னணியில் ஒரு நண்பர் கேட்டது நியாயமான கேள்வி: "மனிதருக்கே நல்ல தண்ணீர் இல்லாத ஊரில், ஈ தின்னும் செடிக்குச் சுத்த நீரா?"

என் தாளிலிருந்த கணக்கே அதற்கும் விடை சொன்னது. நாளுக்கு 100 மில்லி என்றால் ஆண்டுக்கு 36 லிட்டர். ஒரு முழு ஆண்டுக்கு இரண்டு வாளி. அதைக் குழாயிலிருந்தோ கேனிலிருந்தோ எடுக்க வேண்டிய தேவையும் இல்லை.

ஒரு சதுர மீட்டர் பரப்பில் ஒரு மில்லிமீட்டர் மழை பெய்தால் ஒரு லிட்டர் நீர். இவ்வளவுதான் வாய்ப்பாடு. இரண்டு சதுர மீட்டர் அளவுள்ள தார்ப்பாயை மொட்டை மாடியில் சரிவாகக் கட்டி, கீழே வாளி வைத்தால், 20 மில்லிமீட்டர் மழை பெய்யும் ஒரே மாலையில் 40 லிட்டர் கிடைக்கும். நம் பகுதியில் ஆண்டுக்குச் சுமார் 700 மில்லிமீட்டர் மழை. செப்டம்பர், அக்டோபர் மாதங்களில் மிகுதி. அந்த இரு மாதங்களில் வரும் ஒரு நல்ல மழையை மட்டும் பிடித்து வைத்தாலே ஒரு செடியின் ஆண்டுச் செலவு தீர்ந்தது.

ஆனால் தங்கவயலில் மழைநீர் பிடிப்போர் ஒன்றைக் கட்டாயம் கவனிக்க வேண்டும். 1880-களில் ஜான் டெய்லர் நிறுவனம் தொடங்கிய காலம் முதல், 2001 பிப்ரவரி 28 அன்று சுரங்கங்கள் மூடப்பட்டது வரை, பொன் எடுத்த பின் எஞ்சிய அரைத்த கல்மாவு ஊரைச் சுற்றி மேடு மேடாகக் கொட்டப்பட்டது. சயனைடு மேடு என்று நாம் அழைப்பது அதைத்தான். கோடைக் காற்றில் அந்த மாவு பறந்து வந்து கூரைகளிலும் மாடிகளிலும் படிகிறது. எனவே பருவத்தின் முதல் மழையை முழுவதுமாக விட்டுவிட வேண்டும். அதன் பின்னரும் ஒவ்வொரு மழையிலும் முதல் கால் மணி நேர நீரை வடிய விட்டே வாளியை வைக்க வேண்டும். பிடித்த நீரை மானியில் சோதித்தால் ஐயம் தீரும். எங்கள் வீட்டில் 12-க்கும் 20-க்கும் இடையே நிற்கிறது. வெயில் புகாத, மூடியுள்ள கேன்களில் வைத்தால் பாசி பிடிப்பதில்லை. இன்னொன்று: வெண்மையாகவும் சலித்தது போலவும் இருக்கிறதே என்று அந்த மேட்டு மணலை எடுத்து வந்து தொட்டியில் கலப்பவர்கள் உண்டு. இந்தச் செடிகளுக்கு மட்டுமன்று, எந்தச் செடிக்கும் அதைப் பயன்படுத்த வேண்டாம். வீட்டுக்குள்ளேயே கொண்டுவர வேண்டாம்.

மழைநீர் தீர்ந்துபோனால், இன்வெர்ட்டர் பேட்டரிக்கு ஊற்றும் டிஸ்டில்டு வாட்டர் நம்பகமானது. ஆர்.ஓ. நீரை மானியில் பார்த்த பின்னரே பயன்படுத்த வேண்டும். சுவைக்காகவும் உடல்நலத்துக்காகவும் பல கருவிகள் தாது உப்புகளைத் திரும்பச் சேர்க்கின்றன. அத்தகைய நீர் 100-ஐத் தாண்டிவிடும். ஆர்.ஓ. கருவி கழித்து வெளியேற்றும் நீரைச் செடிக்கு ஊற்றுவது சிக்கனம் என்று எண்ணலாம். அதில்தான் உப்பு முழுவதும் செறிந்திருக்கிறது. வீடு துடைக்க ஆகும், இதற்கு ஆகாது.

மண்ணுக்கும் இதே நியாயம். தோட்டத்துச் செம்மண், மண்புழு உரம், எரு ஆகியவற்றில் எதுவும் கூடாது. பீட் மாஸ் இரண்டு பங்கு, பெர்லைட் ஒரு பங்கு என்பது வழக்கமான கலவை. மலிவாகக் கிடைக்கிறதே என்று தேங்காய் நார்த்தூளைப் பயன்படுத்தினால், மழைநீரில் பலமுறை ஊறவைத்துப் பிழிந்து, பிழிந்த நீரையும் மானியில் பார்க்க வேண்டும். நார்த்தூளில் உப்பு மறைந்திருக்கும். மண்தொட்டியும் பழைய தகர டின்னும் வேண்டாம். பிளாஸ்டிக் தொட்டி போதும்.

வீனஸ் ஃப்ளைட்ராப்பை இரண்டாம் முறை நாங்கள் வாங்கவில்லை. அதன் தாயகம் அமெரிக்காவின் வட, தென் கரோலினா மாநிலங்களின் கரையோரச் சதுப்பு. உலகில் வேறெங்கும் அது இயற்கையாக வளர்வதில்லை. திருட்டு மிகுந்ததால் 2014-இல் வட கரோலினா அதனைக் காட்டிலிருந்து பறிப்பதைக் கடுங்குற்றமாக்கியது. இலையின் உட்புறத்து உணர்மயிர்களை ஏறத்தாழ இருபது நொடிக்குள் இருமுறை தொட்டால்தான் பொறி மூடும். காற்றில் விழுந்த தூசுக்கெல்லாம் மூடி வீணாகாமலிருக்க அப்படியோர் ஏற்பாடு. ஒவ்வோர் இலையும் சில தடவைகளே மூடித் திறக்க வல்லது. விருந்தினர்க்கு வேடிக்கை காட்ட விரலால் தொடுவது அந்த எண்ணிக்கையைக் கரைப்பதாகும். எல்லாவற்றுக்கும் மேலாக அதற்குக் குளிர்கால உறக்கம் தேவை: சுமார் மூன்று மாதங்கள், பத்துப் பாகை செல்சியஸுக்குக் கீழே. நம் ஊரின் டிசம்பர் இரவு நமக்குத்தான் குளிர். அதற்கு அது இளவேனில். குளிர்பதனப் பெட்டியில் வைத்து உறங்க வைப்போரும் உண்டு. என் வீட்டில் அதற்கு அனுமதி கிடைக்கவில்லை.

எங்களுக்கு வாய்த்தது அழுகண்ணி. டார்வினை ஆட்கொண்ட ட்ரோசீராவின் நம் நாட்டு உறவு இது. மருத்துவ மூலிகை வரிசையில் இப்பெயர் பழையது. ட்ரோசீரா இனங்களையே தாவரவியலார் பலர் இப்பெயரோடு இணைத்துச் சொல்கின்றனர். இலையெங்கும் செந்நிற மயிர்கள். ஒவ்வொன்றின் நுனியிலும் ஒரு துளி. நண்பகல் வெயிலிலும் காயாத அந்தத் துளி பனியன்று, கண்ணீருமன்று. பூச்சியை ஒட்டிக்கொள்ளும் பசை. இக்குடும்பச் செடி ஒன்று ஆயுர்வேதத்தில் சுவர்ண பஸ்பம் தயாரிப்பதில் சேர்க்கப்படுகிறது. பொன்னுக்கும் இச்செடிக்கும் அப்படியொரு பழைய தொடர்பு இருப்பதில் தங்கவயல்காரனாகிய எனக்குத் தனி மகிழ்ச்சி.

இந்தியாவில் நன்கறியப்பட்ட ட்ரோசீரா இனங்கள் மூன்று. அவற்றில் பெல்டேட்டா உயர்ந்த மலைகளுக்குரியது. பர்மானி, இண்டிகா இரண்டும் நம்மைப் போன்ற வெப்பத்தைத் தாங்கும். தும்கூரை அடுத்த தேவராயனதுர்கா மலைப்பகுதியிலும் மேற்குத் தொடர்ச்சி மலையை ஒட்டிய ஈரச் சரளை நிலங்களிலும் மழைக்குப் பின் இவற்றைக் காணலாம். பர்மானி ஓர் ஐந்து ரூபாய் நாணயத்தைவிடச் சற்றே பெரிய வட்டமாகத் தரையோடு ஒட்டி வளரும். பூச்சி ஒட்டியதும் அதன் ஓரத்து மயிர்கள் சில நொடிகளில் உள்நோக்கி மடியும். மற்ற இனங்களில் இதற்குப் பல நிமிடங்கள் ஆகும். காட்டில் கண்டால் பார்த்துவிட்டு வாருங்கள். பிடுங்கி வர வேண்டாம். பிடுங்கிய செடி பெரும்பாலும் பிழைப்பதுமில்லை. வளர்ப்போரிடம் விதை கிடைக்கும். தூசு போன்ற அவ்விதையை ஈரமான கலவையின் மேல் தூவினால் போதும். மூடக் கூடாது, முளைக்க ஒளி வேண்டும். தட்டில் ஒரு சென்டிமீட்டர் மழைநீர், காலை வெயில் நான்கைந்து மணி நேரம், ஏப்ரல், மே மாதங்களில் பிற்பகல் நிழல். வேறு பணிவிடை இல்லை. ஓராண்டில் பூத்துக் காய்த்து, விதை சிந்தி, செடி மடியும். அதைக் கண்டு கலங்க வேண்டாம்; அதன் இயல்பே அது.

தொங்கும் கெண்டிகளை விரும்புவோர் நெப்பந்தஸ் வாங்கலாம். ஆனால் எது என்று பார்த்து வாங்க வேண்டும். இந்தியாவில் இயற்கையாக வளரும் ஒரே கெண்டிச் செடி மேகாலயப் பகுதியின் நெப்பந்தஸ் காசியானா. 1972-ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் அதற்குக் காவல். காட்டிலிருந்து பறிப்பது மட்டுமன்றி, உரிமம் இன்றி வளர்ப்பதும் விற்பதும் குற்றமே. திருவனந்தபுரத்தை அடுத்த பாலோட்டில் உள்ள ஜவஹர்லால் நேரு வெப்பமண்டலத் தாவரவியல் பூங்கா ஆய்வு நிறுவனத்தார், இதன் கெண்டி வாயின் விளிம்பு புற ஊதா ஒளியில் நீலமாக ஒளிர்வதை 2013-இல் வெளியிட்டனர். நம் கண்ணுக்குத் தெரியாத அந்த விளக்கே பூச்சிக்கு அழைப்பு. வீட்டுக்கு ஏற்றது வென்ட்ராட்டா போன்ற கலப்பினம். இதைத் தட்டு நீரில் நிறுத்தக் கூடாது, வேர் அழுகும். மேலிருந்து ஊற்றி முழுவதும் வடிய விட வேண்டும். கெண்டிக்குள் இருப்பது செரிமான நீர்; அழுக்கென எண்ணிக் கொட்டிவிடாதீர்கள். வழியில் கொட்டிப் போயிருந்தால் கால் பங்கு மழைநீர் ஊற்றினால் போதும். வடிகட்டிய வெயிலும் காற்றில் ஈரமும் கிடைத்தால் புதிய இலைகளின் நுனியில் கெண்டிகள் பிறக்கும்.

வங்கியில் என் மேசைக்கு வரும் வாடிக்கையாளர்களுள் இதைக் கேள்விப்பட்டோர் தவறாமல் கேட்பது, "கொசுவைத் தின்னுமா, சார்?" என்பதே. அகப்பட்டால் தின்னும், ஆனால் வீட்டுக் கொசுவைக் குறைக்கும் அளவுக்கு அன்று. கவனிக்கவில்லையெனில் நேர்மாறாக நடக்கும். தட்டில் தேங்கிய தெளிந்த நீரில்தான் டெங்குக் கொசு முட்டையிடும். முட்டை கொசுவாக ஒரு வாரம், பத்து நாள் போதும். வாரம் ஒருமுறை தட்டைக் கவிழ்த்து, உட்புறத்தைத் தேய்த்துக் கழுவி, புதிதாக ஊற்ற வேண்டும். எங்கள் வீட்டில் ஞாயிறு காலை அதற்கென ஒதுக்கப்பட்டிருக்கிறது. உணவு ஊட்டும் வேலையே இல்லை. தயிர்ச்சோறு, கோழித் துணுக்கு போன்றவை இலையில் அழுகிப் பூஞ்சணம் பிடிக்கும். சன்னலோரம் வைத்தால் சிற்றெறும்பும் பழ ஈயும் தாமே வந்து சேரும்.

சென்ற அக்டோபரில் ஒரு மாலை நல்ல மழை. முதல் கால் மணி நேரத்தை விட்டுவிட்டு நானும் மகளும் மாடியில் இரண்டு கேன் நிரப்பினோம். மானியில் 14 காட்டியது. கேனின் மேல் "செடிக்கு மட்டும்" என்று அவள் எழுதி ஒட்டும்போது, முதல் செடி பசியால் இறக்கவில்லை, நான் ஊற்றிய தண்ணீரால்தான் இறந்தது என்று சொன்னேன். "தெரியும்ப்பா, தொட்டி விளிம்புல உப்பு இருந்துச்சே" என்றாள்.